ரோஸ்டர்: தமிழில் இனச்சுழற்சி

ஓர் அரசு அலுவலகத்தில் ஒரே ஒரு ஓட்டுநர் பணியிடம் காலி. அறிவிப்பில் வயது, கல்வித் தகுதி, கடைசித் தேதி எல்லாம் வரிசையாக இருக்கும். நடுவில் 'இனச்சுழற்சி: பிற்படுத்தப்பட்டோர்' என்று ஒரு வரி. படிப்பவர்கள் தடுக்கி நிற்பது அங்கேதான். இருப்பதே ஓர் இடம், அதை எப்படி ஒரு பிரிவுக்கு மட்டும் கொடுக்க முடியும்? அலுவலகத்தில் கேட்டால், "இந்தத் தடவை பி.சி. டர்ன் சார், ரோஸ்டர்ல அப்படித்தான் வருது" என்பார்கள்.

ரோஸ்டர் ஆங்கிலம் வழியாக வந்தாலும் பிறந்த வீடு டச்சு மொழி. அங்கே அதற்கு முதற்பொருள் இறைச்சி வாட்டும் கம்பித் தட்டு. 'ரோஸ்ட்' என்ற சொல்லுக்கு நெருங்கிய சொந்தம். குறுக்கும் நெடுக்குமாகக் கோடு போட்ட தாள் அந்தத் தட்டைப் போலத் தெரிந்ததால் பட்டியலுக்கும் அதே பெயர் வந்தது. 18ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்குள் வந்தபோது, படையில் யாருக்கு எப்போது பணிமுறை என்று காட்டும் தாளைக் குறித்தது. சேவலைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லுக்கும் இதற்கும் தொடர்பில்லை.

இட ஒதுக்கீட்டில் எந்த இடம் எந்தப் பிரிவுக்கு என்று முறை வைக்கும் ரோஸ்டருக்குத் தமிழில் 'இனச்சுழற்சி'. இந்தச் சொல் வேலையையே சொல்லிவிடுகிறது. முயல், முயற்சி, பயில், பயிற்சி, அதே வழியில் சுழல், சுழற்சி. 'இனம்' என்பதுதான் சிலரை உறுத்துகிறது. இங்கே அது மனித இனத்தையோ மொழியினத்தையோ குறிப்பதில்லை. வரவு செலவுக் கணக்கில் 'பிற இனங்கள்' என்று எழுதுகிறோமே, அந்த இனம், அதாவது வகை. மருத்துவமனையில் செவிலியர் பணிநேரம் போடும் ரோஸ்டருக்கு இந்தச் சொல் பொருந்தாது. அதற்குப் 'பணிமுறைப் பட்டியல்' போதும்.

சென்னை மாகாணத்தில் இதற்கு மூத்த வடிவம் 'கம்யூனல் ஜி.ஓ.', தமிழில் வகுப்புவாரி ஆணை. 1920களின் பிற்பகுதியில் நடைமுறைக்கு வந்த ஏற்பாட்டில் 12 இடங்கள் ஒரு சுற்று: பிராமணரல்லாத இந்துக்கள் 5, பிராமணர் 2, முஸ்லிம்கள் 2, ஆங்கிலோ இந்தியரும் கிறித்தவரும் 2, ஒடுக்கப்பட்டோர் 1. மாவட்ட முன்சீப் நியமனம் தொடர்பான வழக்கில் 1951இல் உச்ச நீதிமன்றம் அந்த முறையை ஏற்கவில்லை. ஆனால் சுற்று வைத்து இடம் பிரிக்கும் யோசனை போய்விடவில்லை.

இன்று தமிழ்நாட்டில் ஒரு சுற்றுக்கு 200 புள்ளிகள், அதாவது வரிசையில் 200 இடங்கள். ஏன் 100 இல்லை? பிற்படுத்தப்பட்டோருக்கு 26.5 சதவீதம், பிற்படுத்தப்பட்ட முஸ்லிம்களுக்கு 3.5 சதவீதம். அரை ஆளை வேலைக்கு எடுக்க முடியாதே! இரட்டிப்பாக்கினால் 53, 7 என்று முழு எண்ணாகிவிடுகிறது. மிகவும் பிற்படுத்தப்பட்டோர், சீர்மரபினருக்கு 40, பட்டியல் சாதியினருக்கு 36 (அதற்குள் அருந்ததியருக்கு 6), பழங்குடியினருக்கு 2, மீதி 62 பொதுப் போட்டி. எந்தப் புள்ளி யாருக்கு என்ற வரிசை 2016ஆம் ஆண்டின் அரசுப் பணியாளர் சட்டத்தின் அட்டவணையிலேயே அச்சாகியிருக்கிறது. நியாயம் என்று நான் நினைப்பது இந்த அச்சைத்தான். விண்ணப்பித்தவரின் முகத்தைப் பார்த்துவிட்டு 'இந்த இடம் இவருக்கு' என்று அதிகாரி முடிவு செய்ய வழியில்லை. போன முறை எந்தப் புள்ளியில் நின்றது என்று இனச்சுழற்சிப் பதிவேட்டைப் புரட்டினால் அடுத்த முறை யாருடையது என்பது தெரிந்துவிடும். ஓட்டுநர் பணியிடத்துக்கும் அப்படித்தான் முறை வந்தது.

'பொதுப் போட்டி' என்ற சொல்லையும் கவனிக்க வேண்டும். அது இட ஒதுக்கீடு இல்லாதவர்களுக்கான தனிப் பங்கு அல்ல. மதிப்பெண் இருந்தால் எந்தப் பிரிவினரும் அதில் வரலாம். அப்புறம் இன்னொரு குழப்பம்: முன் புள்ளியில் தேர்வானவர் பணிமூப்பிலும் முன்னால் என்று நினைப்பது. 2003இல் அரியானா வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் அதை மறுத்தது. சுழற்சி இடத்தைப் பிரிக்கத்தான், மூப்பை முடிவு செய்ய அல்ல.

'சுழற்சி' என்றதும் நிற்காமல் சுற்றும் சக்கரம்தான் நினைவுக்கு வரும். 1995இல் சபர்வால் வழக்கில் உச்ச நீதிமன்றம் வேறு மாதிரி சொன்னது: மொத்தப் பணியிடங்களும் ஒருமுறை ரோஸ்டர்படி நிரம்பிவிட்டால் ஓட்டம் நின்றுவிடும். பிறகு எந்தப் பிரிவினரின் இடம் காலியாகிறதோ அதே பிரிவினரைக் கொண்டு நிரப்ப வேண்டும். மத்திய அரசு 1997இல் காலியாகும் இடங்களை எண்ணும் கணக்கைவிட்டு, மொத்தப் பணியிடங்களை எண்ணும் கணக்குக்கு மாறியது இதனால்தான்.

சொல்லில் குறை இருக்கட்டும், கணக்கிலும் ஒன்று இருக்கிறது. பழங்குடியினருக்கு 200இல் 2 புள்ளிதான். ஆண்டுக்கு இரண்டு பேரை எடுக்கும் அலுவலகத்தில் ஒரு சுற்று முடியவே 100 ஆண்டு ஆகும்.