மீதியிலிருந்து பிறக்கும் நாட்காட்டி

கற்பனை உலகத்தில் நாவல் எழுதுகிறவர்கள் அடிக்கடி கேட்பது: "என் உலகத்தில் ஆண்டுக்கு 360 நாள், 12 மாதம், மாதத்துக்கு 30 நாள் என்று வைத்துக்கொள்ளலாமா?" வைத்துக்கொள்ளலாம். ஆனால் நாட்காட்டியில் சுவையானதெல்லாம் அதோடு போய்விடும். ஒரு கோள் தன்னைத்தானே சுற்றும் வேகத்துக்கும் சூரியனைச் சுற்றும் காலத்துக்கும் பொதுவாகத் தொடர்பு இல்லை. ஒன்றை மற்றொன்றால் வகுத்தால் மீதி விழும். அந்த மீதியை என்ன செய்வது என்பதற்கான ஏற்பாடுதான் நாட்காட்டி.

ஆகவே முதலில் ஒரு தசம எண்ணைத் தேர்ந்தெடுங்கள். நம் கற்பனைக் கோளுக்குப் பருவங்கள் திரும்பிவர 402.3862 நாள் என்று கொள்வோம். நாள் என்பது அந்தக் கோளின் நண்பகலிலிருந்து அடுத்த நண்பகல் வரை. முழு எண்ணில் சிக்கல் இல்லை. சாதாரண ஆண்டு 402 நாள், லீப் ஆண்டு 403 நாள். எத்தனை ஆண்டுக்கு எத்தனை லீப் என்பதை 0.3862 தீர்மானிக்கும்.

இதற்குத் தொடர் பின்னம் என்ற பழைய கணக்கு இருக்கிறது. 1-ஐ 0.3862-ஆல் வகுத்தால் 2.589. முழு எண் 2-ஐ எடுத்து வைத்துவிட்டு, மிச்சமுள்ள 0.589-ஆல் மறுபடி 1-ஐ வகுக்கவும்: 1.697. முழு எண் 1. இப்படியே தொடர்ந்தால் 2, 1, 1, 2, 3 என்று வரும். இவற்றை மறுபடி பின்னங்களாகக் கட்டினால் 1/2, 1/3, 2/5, 5/13, 17/44. தொகுதி, பகுதி இரண்டுக்கும் விதி ஒன்றே: புதிய முழு எண்ணைக் கடைசிப் பின்னத்தோடு பெருக்கி, அதற்கு முந்தையதைக் கூட்ட வேண்டும். 17/44 வந்தது அப்படித்தான்: 3×5+2=17, 3×13+5=44.

ஒவ்வொரு பின்னமும் ஒரு லீப் விதி. 2/5 என்றால் ஐந்து ஆண்டில் இரண்டு லீப். சுமார் 72 ஆண்டுக்கு ஒரு நாள் பிசகும். 5/13 என்றால் 631 ஆண்டுக்கு ஒரு நாள். 17/44 சுமார் 6,100 ஆண்டு தாங்கும். அதற்கு மேல் போகாதீர்கள். நான்கு தசம இடங்களை மட்டும் வைத்துக்கொண்டு, பகுதி 100-ஐத் தாண்டும் பின்னங்களை நம்பக்கூடாது.

இதில் எனக்கு மிகப் பிடித்த இடம் இது: அடுத்தடுத்த இரண்டு பின்னங்களின் வித்தியாசம் எப்போதும் 1-ஐ அவற்றின் பகுதிகளின் பெருக்கத்தால் வகுத்தது. 2/5-க்கும் 5/13-க்கும் வித்தியாசம் 1/65. அதாவது இரு விதிகளும் ஒரு முழு நாள் விலக 65 ஆண்டு ஆகும். 5/13-ஐயும் 17/44-ஐயும் அப்படிப் பிரித்தறிய 572 ஆண்டு வேண்டும். நண்பகல் நிழலைக் கோல் நட்டு அளக்கும் சமூகத்திடம் எந்த லீப் விதி இருக்கும் என்பதை, அதன் பதிவேடு எத்தனை தலைமுறை அறுபடாமல் வந்தது என்பதே முடிவு செய்கிறது. உங்கள் நாவலில் நேற்று முளைத்த அரசு 5/13 விதியை வைத்திருந்தால், அது யாரிடமிருந்தோ பெற்றதாக இருக்க வேண்டும். நம் பூமியிலும் இதே கதைதான். நான்காண்டுக்கு ஒரு லீப், அதாவது ஆண்டுக்குக் கால் நாள் என்ற ஜூலியஸ் சீசரின் விதி, பகலும் இரவும் சமமாகும் வசந்த சம நாளை நழுவவிட்டு, 1582-இல் அக்டோபர் 4-க்கு அடுத்த நாளை 15 என்று எழுத வைத்தது. நம் ஆண்டு 365.24219 நாள். அந்த 0.24219-க்குத் தொடர் பின்னம் தருவது 1/4, 7/29, 8/33, 31/128. இன்று நாம் பின்பற்றும், போப் கிரிகோரியின் 97/400 இந்தப் பட்டியலிலேயே இல்லை. நூற்றாண்டுகளாக எண்ணுவது எளிது என்பதற்காக அமைந்த விதி அது.

கொடைக்கானல் வானாய்வகம் 1904 முதல் சூரியனைப் படமெடுத்து வருகிறது. இப்படி ஆண்டுக்கணக்கில் நீளும் பதிவுகள் உடனே கண்டுபிடிப்பு எதையும் தராமல் போகலாம். ஆராய்ச்சிக்குப் பணம் ஒதுக்குகிறவர்கள் முதலில் காப்பாற்ற வேண்டியவை இவைதான் என்பேன். அறுந்துபோன 65 ஆண்டைப் பணம் கொடுத்து மீட்க முடியாது.

லீப் ஆண்டுகளைப் பரப்பி வைக்க ஒரு வழி: ஆண்டு எண்ணை 5-ஆல் பெருக்கி 13-ஆல் வகுக்கவும். மீதி 5-க்குக் குறைந்தால் லீப். சுழற்சியின் 3, 6, 8, 11, 13-ஆம் ஆண்டுகள் அமையும். விதியை எழுதி வைத்தால் மட்டும் போதாது, எண்ணவும் தெரிய வேண்டும். சீசருக்குப் பிறகு ரோமப் பூசாரிகள் இரு முனைகளையும் சேர்த்து எண்ணி, நான்காண்டுக்குப் பதில் மூன்றாண்டுக்கு ஒரு லீப் வைத்தார்கள். அகஸ்டஸ் காலத்தில் சில லீப்களை விட்டுத்தான் சரிசெய்தார்கள்.

நிலவு சேர்ந்தால் இன்னொரு மீதி. நிலவு கோளைச் சுற்ற 29.015 நாள் என்றால் அமாவாசைக்கு அமாவாசை அதுவல்ல, அதற்குள் கோளும் சூரியனைச் சுற்றிச் சற்று நகர்ந்துவிடும். 1/29.015-இலிருந்து 1/402.3862-ஐக் கழித்தால் 1/31.27, அதாவது 31.27 நாள். பலர் இந்தக் கழித்தலை மறந்து, ஓரிரு ஆண்டிலேயே தேய்பிறையில் பௌர்ணமித் திருவிழா நடத்திவிடுகிறார்கள். ஆண்டுக்கு 12.868 மாதம், அதே கணக்கில் 15 ஆண்டுக்கு 193 மாதம். எனவே வழக்கமான ஆண்டுக்கு 13 மாதம், பதினைந்தில் இரண்டு ஆண்டுக்கு மட்டும் 12. பிசகு சுமார் 0.7 நாள். நம் 19 ஆண்டு, 235 மாதச் சுழற்சியில் பிசகு 2 மணி நேரம்தான். பூமிக்கு அமைந்த எண்கள் அப்படி.

அந்தக் குறைந்த மாதத்தைச் சுற்றி உங்கள் மக்கள் நம்பிக்கைகளைக் கட்டுவார்கள். நம்மூரில் ஒரே சூரிய மாதத்தில் இரண்டு அமாவாசை வந்தால் மல மாதம் என்று கல்யாணத்தைத் தள்ளிப் போடுகிறோமே, அதுபோல. வகுத்தலில் விழுந்த மீதியைப் பார்த்து அஞ்சுவதற்கு எந்தக் காரணமும் இல்லை.

இரண்டாவது நிலவை 11.4 நாள் பிறைச் சுழற்சியோடு வைத்தால், இரண்டும் வானில் 17.94 நாளுக்கொரு முறை சந்திக்கும். அதை இரட்டைப் பௌர்ணமி என்று எழுதிவிடாதீர்கள். பெரிய நிலவின் 4 சுழற்சி 125.08 நாள், சின்னதன் 11 சுழற்சி 125.4 நாள். ஏழு சந்திப்பில் ஒன்றுதான் பௌர்ணமியில் விழும். அதுவும் ஒவ்வொரு முறையும் 0.32 நாள் விலகிக்கொண்டே போகும்.