பிங்கு ஏகா: பொருளும் பிறப்பும் தமிழ்ச் சொல்லும்

ஜப்பானில் சின்னச் சின்னத் தயாரிப்பு நிறுவனங்கள் குறைந்த செலவில் எடுத்துத் திரையரங்குகளில் வெளியிட்ட பாலுணர்வுப் படங்களுக்குப் பிங்கு ஏகா என்று பெயர். சில நாட்களில் படப்பிடிப்பு முடிந்துவிடும்; படம் சுமார் ஒரு மணி நேரம் ஓடும்.

'ஏகா' என்றால் திரைப்படம். 'பிங்கு' என்பது ஆங்கிலப் பிங்க்தான். காமம் கலந்த எதையும் 'மோமோயிரோ', அதாவது பீச் பழ நிறம் என்று சொல்லும் வழக்கம் ஜப்பானியரிடம் முன்பே இருந்ததால், இந்தப் பெயர் சட்டென்று ஒட்டிக்கொண்டது. இந்த வகையின் முதல் படமாகச் சொல்லப்படுவது 1962இல் கதோரி தமாகி நடித்து வந்தது. மறு ஆண்டு முராய் மினோரு என்ற பத்திரிகையாளர் இந்தப் பெயரைச் சூட்டினார்.

பெயரின் எல்லை எதுவென்று அறிய சிராகவா கசுகோவின் வாழ்க்கையைப் பார்த்தால் போதும். பிங்கு படங்களில் பெயர் வாங்கிய நடிகை அவர். 1912இல் தொடங்கிய பெரிய திரைப்பட நிறுவனமான நிக்கட்சு, நொடித்துப்போகும் நிலையில் 1971 நவம்பரில் 'ரோமன் போர்னோ' என்ற பாலுணர்வுப் பட வரிசையைத் தொடங்கியபோது, முதல் படத்தின் நாயகி அவர்தான். அடுக்குமாடிக் குடியிருப்பில் தனிமையில் வாடும் மனைவி வேடம். படம் பெரிய வெற்றி. வரிசை 1988 வரை நீண்டது. அவரோ 1973இல் திருமணம் செய்துகொண்டு விலகினார். அப்புறம் திரும்பி வந்து குணச்சித்திர வேடங்களில் நடித்தார். ஒரு நிறுவனத்தைத் தூக்கி நிறுத்தியதில் அவருக்குப் பெரும் பங்கு உண்டு. அதைச் சொல்லாமல் உடலை மட்டும் பேசுவது அநியாயம்.

நடிகையும் கருப்பொருளும் ஒன்றாக இருந்தும் பெயர் ஏன் மாறியது? எடுத்தவர் வேறு, அவ்வளவுதான். பிங்கு சிறு நிறுவனங்களுடையது. ரோமன் போர்னோ நிக்கட்சுவின் சொந்த முத்திரை.

சரி, தமிழில்? 'நீலப்படம்' பொருந்தவே பொருந்தாது. அது திருட்டுத்தனமாகச் சுற்றும், உடலுறவை நேரடியாகக் காட்டும் படத்தைக் குறிக்கிறது. இவையோ கதை உள்ள, நடிப்பாகவே காட்டிய, 'ஏரின்' என்ற தணிக்கை அமைப்பின் அனுமதி பெற்ற படங்கள். 'ஆபாசப் படம்' என்பது பெயரல்ல, தீர்ப்பு. 'பாலுணர்வுப் படம்' சரிதான், ஆனால் எந்த நாட்டுப் படத்துக்கும் பொருந்தும். 'இளஞ்சிவப்புப் படம்' என்பதே என் தேர்வு. முதல் முறை மட்டும் 'ஜப்பானிய' என்று முன்னால் சேர்த்துக்கொள்ளலாம். நிக்கட்சு படங்களை 'ரோமன் போர்னோ' என்றே எழுத வேண்டும்.