வலையில் சிக்கும் கரியால் மூச்சுமுட்டித்தான் சாகிறது

வட இந்தியாவின் சம்பல் ஆற்றுப் பகுதியில் வனவிலங்கு மருத்துவராகப் பணிபுரியும் எனக்கு, வலையில் சிக்கி இறந்த கரியால் என்னும் நீள்மூக்கு முதலையைப் பரிசோதிப்பது புதிதல்ல. ஆனால் அண்மையில் வந்த ஒன்று இதை எழுதியே ஆகவேண்டும் என்ற நிலைக்குக் கொண்டுவந்துவிட்டது. முட்டையிடும் பருவத்தை நெருங்கிக்கொண்டிருந்த பெண் முதலை. நல்ல உடற்கட்டு, வயிற்றில் பாதி செரித்த மீன், நோயின் சுவடு எங்கும் இல்லை. நீண்ட மூக்கு நெடுகத் தங்கூசி எனப்படும் மெல்லிய நைலான் வலையின் நூல் பல சுற்றுகளாகப் பற்களுக்கு இடையே இறங்கி, தோலை அறுத்துக்கொண்டு உள்ளே புதைந்திருந்தது. உடலை எடுத்து வந்தவர்களில் ஒருவர், ஆற்றிலேயே பிறந்து வளர்ந்த முதலை எப்படி மூழ்கிச் சாகும், வேறு ஏதாவது நோய் இருந்திருக்கும் என்று உறுதியாகச் சொன்னார். மீனவர்களும் படகோட்டிகளும் மட்டுமல்ல, படித்தவர்களும் பொறுப்பில் இருப்பவர்களும் இதையே சொல்லக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது.

ஆகவே இதை விரிவாகவே சொல்கிறேன். முதலைக்குச் செவுள் கிடையாது. நம்மைப் போலவே நுரையீரலால் மூச்சுவிடும் விலங்கு அது. தண்ணீரில் கரைந்திருக்கும் ஆக்சிஜனால் அதற்குப் பயனில்லை. நீருக்கடியில் நெடுநேரம் தங்க அதனால் முடிகிறது என்பது உண்மைதான். ஆனால் அசையாமல், அமைதியாக, இதயத்துடிப்பைக் குறைத்துக்கொண்டு, உள்ளே இழுத்த ஒரே மூச்சைச் சிக்கனமாகச் செலவழிக்கும்போது மட்டுமே அது முடியும். வலையில் மாட்டிய விலங்கு அமைதியாக இருப்பதில்லை. உருளும், வாலை அடிக்கும், மூக்கை உதறும். அந்தப் போராட்டத்தில் சேமிப்பெல்லாம் விரைவிலேயே கரைந்துபோகிறது. அதன்பின் தசைகள் ஆக்சிஜன் இல்லாமலே இயங்கத் தொடங்க, இரத்தத்தில் லாக்டிக் அமிலம் ஏறுகிறது. முதலைகளின் உடல் அந்த அமிலத்தை அகற்றப் பல மணி நேரம் எடுத்துக்கொள்ளும். உடல் பெரிதாக இருந்தால் ஆபத்தும் பெரிது. மூக்குத் துளைகளை மேலே கொண்டுவர முடியாத முதலை, தன் சொந்த ஆற்றிலேயே மூச்சுமுட்டிச் சாகிறது. இதில் மர்மம் எதுவும் இல்லை.

துறையைச் சேர்ந்த இளையவர்களுக்கு ஒரு குறிப்பு: முதலை தன் மூக்குத் துளைகளை மூடிக்கொள்ளும்; தொண்டையின் வாயிலையும் ஒரு மடிப்பு அடைத்துவிடும். எனவே நுரையீரலில் தண்ணீர் காணப்படவில்லை என்பதை மட்டும் வைத்துக்கொண்டு, வலையில் இறக்கவில்லை என்று அறிக்கையில் எழுதிவிடாதீர்கள். பற்களின் இடைவெளிகளையும் தாடையின் அடிப்புறத் தோலையும் விரலால் தடவிப் பாருங்கள். நூலை யாராவது அகற்றியிருந்தாலும் அது பதிந்த கோடு பெரும்பாலும் அங்கே இருக்கும்.

எல்லா முதலைகளும் வலையில் சிக்கக்கூடியவைதான் என்றாலும், கரியாலின் உடலமைப்பு அதை எளிதில் மாட்டிவிடுகிறது. மீனை மட்டுமே நம்பி வாழ்வதற்கென அமைந்த ஒடுங்கிய நீள்மூக்கு அதனுடையது. தண்ணீரில் பக்கவாட்டில் வேகமாக வீசி மீனைக் கவ்வும். அந்த மூக்கின் இருபுறமும் நூற்றுக்கும் மேற்பட்ட ஊசிப் பற்கள், வாய் மூடியிருக்கும்போதும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். மீன் துள்ளும் செவுள் வலையை நோக்கி அது வருவது இயல்பு; வந்தபின் ஒரு பல் மாட்டினால் போதும், உதற உதற மற்றவையும் மாட்டிக்கொள்ளும். வலையைக் கிழித்துக்கொண்டு தப்பியவற்றின் நிலை இன்னும் கொடியது. தாடையைச் சுற்றிய நூலோடு வாயைத் திறக்க முடியாமல் அவை அலைகின்றன. குளிர் இரத்தப் பிராணி என்பதால் பட்டினி உடனே கொல்வதில்லை; மாதக்கணக்கில் இளைத்து இளைத்து இறக்கின்றன.

கரியால் ஆளைத் தின்னும் என்ற பயத்தைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. அந்தத் தாடை பெரிய இரையைக் கிழிப்பதற்கு ஏற்றதே அல்ல. வளர்ந்த கரியாலால் கரையில் உடலைத் தூக்கி நடக்கவும் முடியாது. வயிற்றால் உந்தியே நகரும். வயிற்றில் நகைகள் கிடைத்ததாகச் சொல்வார்கள். செரிமானத்துக்காகக் கூழாங்கற்களை விழுங்கும் விலங்கு அது. சடலங்களோடு ஆற்றில் சேரும் வளையல்களும் அப்படியே உள்ளே போகின்றன. ஆபத்து நேரக்கூடியது அதே ஆற்றில் வாழும் சதுப்புநில முதலையிடம். அதன் அகன்ற மூக்கைப் பார்த்தாலே வேறுபாடு தெரியும்.

அடுத்து, வளர்ப்பு மையத்தில் குட்டிகளைப் பொரிக்க வைத்து ஆற்றில் விடுகிறார்களே, பிறகென்ன கவலை என்ற கேள்வி. 1970களின் நடுப்பகுதியில் 200க்கும் குறைவாகச் சுருங்கிவிட்டிருந்த இந்த இனத்தைக் காக்க, 1975இல் இந்திய அரசு முதலைப் பாதுகாப்புத் திட்டத்தைத் தொடங்கியது. முட்டைகளைச் சேகரித்துப் பொரிக்க வைத்து, சில ஆண்டுகள் வளர்த்து, ஆயிரக்கணக்கில் ஆறுகளில் விட்டார்கள். அந்த உழைப்பு இல்லாவிட்டால் இன்று பேச எதுவுமே மிஞ்சியிருக்காது. ஆனாலும் 1997இல் 436ஆக இருந்த வளர்ந்த கரியால்களின் எண்ணிக்கை 2006இல் 182ஆகச் சரிந்தது. அடுத்த ஆண்டே இந்த இனம் மிக அருகிய இனமாக அறிவிக்கப்பட்டது. 2007 டிசம்பர் தொடங்கிச் சில மாதங்களுக்குள் சம்பலில் நூற்றுக்கும் மேற்பட்டவை சிறுநீரகம் செயலிழந்து மாண்டன. 2019 மதிப்பீட்டின்படி உலகெங்கும் எஞ்சியிருந்த முதிர்ந்தவை ஏறத்தாழ 650. முட்டையிடும் பருவத்துக்கு வரப் பெண் முதலைக்கு ஏழெட்டு ஆண்டுகளாவது வேண்டும். ஆணுக்கு மூக்கு நுனியில் சொம்பு போன்ற புடைப்பு வளர அதைவிடக் கூடுதல் காலம் பிடிக்கும். அப்படி வளர்ந்த ஒன்றை வலையில் இழந்துவிட்டு, பதிலாக ஒரு குட்டியை விட்டுக் கணக்கை நேர்செய்ய முடியாது. மழைக்காலத்துக்குச் சற்று முன் பொரித்து வரும் நூற்றுக்கணக்கான குட்டிகளை மணற்கரையோரம் காவல் காப்பதும் அந்தப் பெரிய முதலைகள்தான்.

சரணாலய எல்லையும் முழுப் பாதுகாப்பு ஆகாது. நேபாளத்தின் ராப்தி ஆற்றில் விடப்பட்ட ஒரு கரியால், 2020இல் சுமார் 1,100 கிலோமீட்டர் கடந்து மேற்கு வங்கத்தின் ஹூக்ளி வரை வந்து சேர்ந்தது. அங்கும் வலையில்தான் சிக்கியது. மீனவர்கள் அதை உயிரோடு விடுவித்தார்கள். அந்த மீனவர்கள் செய்ததைத்தான் எல்லோரிடமும் கேட்கிறேன்.

வலையில் கரியாலைக் கண்டால், முதல் வேலை மூக்கு நுனியை நீர்மட்டத்துக்கு மேலே கொண்டுவருவது. நூலைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். வனத்துறைக்கு உடனே சொல்லுங்கள். அவர்கள் வரும்வரை கண்களை ஈரத் துணியால் மூடி, சுற்றிலும் சத்தமில்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள். அது கடிக்க வராது; ஆனால் தலையை வீசினால் பற்கள் கையைக் கிழித்துவிடும், எனவே பக்கவாட்டில் நிற்காதீர்கள். வாலைப் பிடித்து இழுக்காதீர்கள். வலை வீணாகிவிடும் என்று மூக்கை வெட்டுகிறவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான்: மூக்கு போனபின் அந்த விலங்கு ஒரு மீனைக்கூடப் பிடிக்காது, அது கொலையேதான்; வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ள விலங்கு என்பதால் சிறைத்தண்டனைக்குரிய குற்றமும்கூட. விடுவித்தவுடன் ஆழமான நீரில் தள்ளிவிடாதீர்கள். களைத்துப்போன முதலை மேலே வர வலுவின்றி மூழ்கிவிடும். ஆழமற்ற ஓரத்தில் தலை வெளியே இருக்கும்படி விட்டு, மூச்சு சீராகித் தானாக நகரும்வரை காத்திருங்கள். அதற்கு மணிக்கணக்கில் ஆகலாம். அதைப் படம்பிடிப்பதற்காகச் சூழ்ந்து நிற்காதீர்கள்.

சரணாலயத்துக்குள் மீன்பிடிப்பு தடைசெய்யப்பட்டிருக்கிறது. அங்கே வலைக்கே இடமில்லை. அனுமதியுள்ள இடங்களில் தொழில் செய்யும் மீனவ நண்பர்களுக்கு என் வேண்டுகோள்: இரவில் வலையைப் போட்டுவிட்டு வீட்டுக்குப் போகாதீர்கள், அடிக்கடி போய்ப் பாருங்கள். கிழிந்த வலையை ஆற்றிலேயே விட்டுவிடாதீர்கள். நைலான் மக்காது, உரிமையாளர் மறந்தபின்னும் அது பிடித்துக்கொண்டேதான் இருக்கும். கரையில் கிடக்கும் துண்டு வலையைச் சுற்றுலாப் பயணிகளும் எடுத்து வந்து படகுத்துறையில் ஒப்படைக்கலாம். ஆனால் மார்ச் முதல் ஜூன் வரை அதற்காகக்கூட மணல்திட்டுகளில் இறங்க வேண்டாம். அந்த மணலுக்கு அடியில் முட்டைகள் இருக்கும்.