வடிவாகத் தெரிகிறது, ஆனால் பதிவாகவில்லை

யாழ்ப்பாணத்துக் கொண்டாவிலில் ஓர் ஒழுங்கை. எழுபது வயது தாண்டிய அம்மா ஒருவர் தனியாக இருக்கிறார். மகன் கனடாவில், மகள் லண்டனில். கேற்றில் ஒன்று, முன்வாசலில் ஒன்று, பின்பக்கம் இரண்டு என்று நான்கு கமராக்கள். கமரா பூட்டுவதுதான் என் தொழில். இவை நான் பூட்டியவை இல்லை, ஆனால் நல்ல சாமான்தான். போன வெள்ளிக்கிழமை பின்னேரம் அம்மா கோயிலுக்குப் போய் வருவதற்குள் குசினிக் கதவை நெம்பித் திறந்து அலுமாரியை உடைத்திருக்கிறார்கள். தாலிக்கொடியும் பேத்திக்கென்று வைத்திருந்த சங்கிலியும் போய்விட்டன. பொலிஸ் வந்து முதலில் கேட்டது கமராப் பதிவைத்தான்.

மகன் ரொறொன்ரோவிலிருந்து எனக்கு அழைத்தார். "அண்ணை, நான் விடிய எழும்பினா முதல் வேலை அம்மாவின்ர முற்றத்தைப் பாக்கிறதுதான். வடிவாத் தெரியும். கள்ளன் வந்த நேரம் நான் வேலைக்குக் கார் ஓடிக்கொண்டிருந்தனான். நீங்கள் போய் அந்த ரெக்கோடிங்கை எடுத்துப் பொலிசுக்குக் குடுத்தாக் காணும்."

போனேன். ரீவி மேசைக்குக் கீழே, பின்னல் துணி போர்த்தியபடி, கமராப் படங்களைப் பதியும் பெட்டியான டிவிஆர் இருந்தது. திறந்து பார்த்தால் வெள்ளிக்கிழமை இல்லை. வியாழக்கிழமையும் இல்லை. பின்னோக்கிப் போய்க்கொண்டே இருந்தேன். கடைசியாகப் பதிவானது மாசி மாதத்தில். ஏழு மாதமாக அந்த வீட்டில் ஒரு நிமிடம்கூடப் பதிவாகவில்லை. பதிவைச் சேமிக்கும் ஹாட் டிஸ்க் செத்துக் கிடந்தது.

"இது எப்பவாவது கத்தினதோ அம்மா?" என்று கேட்டேன்.

"ஓம் தம்பி, ரெண்டு நாள் விடாமக் கத்தினது. இரவு நித்திரை இல்லை. பக்கத்து வீட்டுப் பெடியன் வந்து ஏதோ அமத்தி நிப்பாட்டினவன்."

அந்தப் பையனில் பிழை சொல்ல மாட்டேன், அவன் உதவி செய்யத்தான் வந்தான். ஆனால் அந்தப் பெட்டிக்குத் தெரிந்த ஒரே பாஷை அந்தக் கத்தல்தான். 'என் டிஸ்க் போய்விட்டது, நான் எதையும் எழுதவில்லை' என்று அது இரண்டு நாள் கத்தியிருக்கிறது. செற்றிங்கில் போய் அதன் வாயை மூடியிருக்கிறார்கள். இந்த வருடம் நான் பார்த்த மூன்றாவது வீடு இது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

எல்லோரும் செய்யும் ஒரே பிழை இதுதான்: போனில் தெரிகிறது என்றால் பதிவாகிறது என்று நினைப்பது. தயவுசெய்து இதை ஒருமுறை வடிவாக விளங்கிக்கொள்ளுங்கள். போனில் நீங்கள் பார்ப்பது கமராவிலிருந்து டிவிஆருக்கு வந்து, அங்கிருந்து இன்ரநெற் வழியாக உங்களிடம் வரும் நேரடிப் படம். அது வருவதற்கு ஹாட் டிஸ்க் தேவையே இல்லை. டிஸ்க்கைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டுப் பாருங்கள், அப்போதும் போனில் முற்றம் தெரியும், பூனை ஓடுவதும் தெரியும். கிணற்றில் மோட்டரைப் போட்டால் வாய்க்காலில் தண்ணீர் ஓடுகிறது. அதைப் பார்த்துவிட்டுத் தொட்டி நிறைகிறது என்று வீட்டுக்குள் போய்விடுவீர்களா? தொட்டியில் வெடிப்பு இருக்கிறதா என்று எட்டிப் பார்ப்பீர்கள்தானே. டிவிஆரில் மட்டும் ஒருவரும் எட்டிப் பார்ப்பதில்லை.

பார்ப்பதும் பதிவதும் தொடக்கத்திலிருந்தே வேறு வேறு வேலைகள். 1942இல் ஜெர்மனியின் பீனமுண்டேயில் வீ-2 ரொக்கெட் ஏவுவதைத் தூரத்திலிருந்து பார்ப்பதற்காக இப்படியான கமராவைப் பயன்படுத்தினார்கள். அதில் பார்க்கத்தான் முடிந்தது, பதிந்து வைக்க வழியில்லை. வீடியோ நாடாவில் பதியும் இயந்திரம் விற்பனைக்கு வந்ததே 1956இல்தான். வீட்டுக்கென்று கமராப் பாதுகாப்பை யோசித்தவர் நியூயோர்க்கில் இருந்த மேரி வான் பிரிட்டன் பிரவுண் என்ற தாதி. இரவில் தனியாக இருக்கப் பயம், பொலிஸ் வரப் பிந்துகிறது என்று 1966இல் கணவரோடு சேர்ந்து அந்த அமைப்புக்கு விண்ணப்பித்து, 1969இல் காப்புரிமை பெற்றார். கதவுக்கு வெளியே நிற்பவரை உள்ளிருந்தே பார்க்க ஒரு ரீவி, கதைக்க ஒரு மைக். பார்ப்பதற்கு அங்கே ஓர் ஆள் இருந்தார். நம் வீடுகளில் அந்த ஆள் ரொறொன்ரோவில் கார் ஓடிக்கொண்டிருக்கிறார்.

உலகம் முழுக்கக் கமராக்கள் 2021 முடிவுக்குள் 100 கோடியைத் தாண்டும் என்று ஐஎச்எஸ் மார்க்கிற் ஆய்வு நிறுவனம் 2019இல் கணித்தது. அதில் பாதிக்கு மேல் சீனாவில். யாழ்ப்பாணத்தில் எத்தனை என்று எண்ணத் தேவையில்லை, நல்லூரிலிருந்து திருநெல்வேலிச் சந்திவரை நடந்தாலே விளங்கும். நான் இந்தத் தொழிலுக்கு வந்த காலத்தில் வங்கிகளும் கஸ்தூரியார் வீதி நகைக்கடைகளும்தான் பூட்டின. பிறகு வாள்வெட்டுப் பயம், தனியாக இருக்கும் பெற்றோர், வெளிநாட்டுக் காசு. இப்போது கோயில், ரியூசன், கோழிக்கூடு வரைக்கும் வந்துவிட்டது. பூட்டுவதற்குக் காசு தருகிறார்கள். ஆறு மாதத்துக்கு ஒருமுறை வந்து பார்க்கிறேன் என்றால், "அது வேலை செய்யுதுதானே தம்பி" என்கிறார்கள்.

சரி, டிஸ்க் நன்றாகவே இருந்தாலும் எத்தனை நாள் கிடக்கும் தெரியுமா? சாதாரண 2 மெகாபிக்சல் கமரா ஒன்று நொடிக்கு 2 மெகாபிற் எழுதினால் ஒரு நாளைக்கு 21 ஜீபிக்கு மேல். நான்கு கமராவுக்கு 86 ஜீபி. 1 ரீபி, அதாவது 1000 ஜீபி, டிஸ்க்கில் பதினொரு நாள் மட்டும்தான். பன்னிரண்டாம் நாள் முதல் நாளை அழித்துத்தான் எழுதும். "போன மாசம் மோட்டர் களவு போனது, இப்பதான் கவனிச்சனாங்கள்" என்று வந்தால் என்னால் ஒன்றும் செய்ய முடியாது. ஒன்று நடந்தால் அன்றைக்கே ஒரு பென்ட்ரைவில் எடுத்து வையுங்கள்.

டிஸ்க் ஏன் சாகிறது? ஒன்று, கணினிக்கு வாங்கும் சாதாரண டிஸ்க்கைப் போட்டுக் கொடுக்கிறார்கள். இது இரவு பகலாக எழுதும் வேலை, அதற்கென்று செய்த டிஸ்க் வேறு. பில்லில் என்ன எழுதியிருக்கிறது என்று கேளுங்கள், கேட்பதில் வெட்கம் வேண்டாம். மற்றது கரண்ட். 2022இல் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம்வரை மின்வெட்டு இருந்த காலத்தில் நான் மாற்றிய டிஸ்க்குகளுக்குக் கணக்கில்லை. கரண்ட் போனாலும் கொஞ்ச நேரம் பெட்டியை ஓடவைக்கும் சின்ன யூபிஎஸ் ஒன்று போடுங்கள். மாரி இடி மின்னல் நேரத்தில் அதை மட்டும் நம்பவும் வேண்டாம்.

அடுத்தது முகம். "கேற்றடியில நிண்டவன் தெரியுறான், ஆனா ஆரெண்டு தெரியேல்லை" என்ற வசனத்தை மாதம் ஒருமுறையாவது கேட்கிறேன். தெரியாத ஒருவரை முகத்தை வைத்து அடையாளம் காண, ஒரு மீற்றர் அகலத்துக்குப் படத்தில் 250 பிக்சல், அதாவது புள்ளி, வேண்டும் என்பது எங்கள் தொழிலில் வழக்கமாகப் பார்க்கும் அளவு. நீங்கள் பூட்டும் அகலக் கோணக் கமராவில் அது மூன்று மீற்றருக்குள் நிற்பவனுக்குத்தான் கிடைக்கும். முழு வளவும் ஒரே கமராவில் தெரிய வேண்டும் என்று அடம்பிடித்து அதைக் கூரை உயரத்தில் பூட்டச் சொன்னால் ஹெல்மெட்டின் உச்சிதான் பதிவாகும். ஆள் கட்டாயம் கடந்து போகவேண்டிய ஒரு இடத்தில், கேற் அல்லது பின்கதவில், முக உயரத்துக்குக் கொஞ்சம் மேலே ஒன்றைத் தாருங்கள். மற்ற மூன்றையும் உங்கள் விருப்பப்படி பூட்டுகிறேன். கமராவுக்கு முன்னால் சிலந்தி வலை கட்டினால் இரவில் படம் முழுக்க வெள்ளையாகிவிடும். கிழமைக்கு ஒருமுறை தும்புத்தடியால் மெதுவாகத் தட்டிவிடுங்கள்.

இரவுப் படத்தைப் பற்றி ஒன்று சொல்லியே ஆகவேண்டும், ஏனென்றால் இதில் ஒரு பையனின் மானம் போனது. கமரா இரவில் கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு வெளிச்சத்தில் பார்க்கிறது. சில துணிகள் அந்த வெளிச்சத்தைத் திருப்பி அடிக்கும், அதனால் கறுப்புச் சேர்ட்கூட வெள்ளையாகத் தெரியலாம். ஒரு சைக்கிள் களவில், வெள்ளைச் சேர்ட் போட்டவன் என்று இரவுப் பதிவிலிருந்து ஒரு துண்டை வெட்டி முகநூலில் போட்டார்கள். அன்று வெள்ளைச் சேர்ட்டோடு அந்த ஒழுங்கையால் போன பிள்ளை ஒன்று, ரியூசன் முடிந்து வந்தவன். இரண்டு நாள் அவன் வீட்டுக்கு வெளியே வரவில்லை. தாய் என்னிடம் வந்து அழுதார். பதிவைப் பொலிசுக்குக் கொடுங்கள், முகநூலுக்குக் கொடுக்காதீர்கள். கெஞ்சிக் கேட்கிறேன்.

நேரமும் அப்படித்தான். டிவிஆரின் உள்ளே ஒரு சின்ன பற்றரி இருக்கிறது. அது செத்தால், கரண்ட் போய் வந்தவுடன் பெட்டி 2000ஆம் ஆண்டுக்குப் போய்விடும். இப்படிப்பட்ட பதிவுகளை நீதிமன்றம் சாட்சியாக ஏற்க 1995ஆம் ஆண்டின் 14ஆம் இலக்கச் சட்டம் இடம் தருகிறது. ஆனால் பதிந்த கருவி அந்த நேரத்தில் ஒழுங்காக இயங்கியது, பதிவில் யாரும் கைவைக்கவில்லை என்பவை நிற்கவேண்டும். இருபத்தைந்து வருடம் பின்னால் ஓடும் மணிக்கூட்டோடு அங்கே போனால் எதிர்ப்பக்க வக்கீல் விடுவாரா?

பாஸ்வேர்ட் பற்றிச் சொல்லிச் சொல்லி எனக்கு அலுத்துவிட்டது. பெட்டியோடு வந்ததையும் 12345ஐயும் வைத்திருக்கும் வீடுகள் இன்னும் இருக்கின்றன. 2016இல் மிராய் என்ற நச்சுநிரல், பெட்டியோடு வந்த அறுபதுக்கு மேற்பட்ட பெயர்-பாஸ்வேர்ட் சோடிகளை மட்டும் முயற்சி செய்தே உலகம் முழுக்க லட்சக்கணக்கான கமராக்களையும் டிவிஆர்களையும் றவுட்டர்களையும் பிடித்தது. அவற்றைக் கொண்டு அந்த ஒக்ரோபரில் அமெரிக்காவில் பெரிய இணையத்தளங்களையே விழுத்தினார்கள். கமராச் சொந்தக்காரர்களுக்கு ஒன்றும் தெரியாது, அவர்களுடைய போனில் படம் வடிவாகத்தான் தெரிந்திருக்கும். பூட்டிய ஆள் போனவுடன் பாஸ்வேர்டை மாற்றுங்கள். நான் பூட்டினாலும் மாற்றுங்கள், நான் கோபிக்க மாட்டேன். படுக்கை அறையில் கமரா வேண்டாம். படுக்கையில் கிடக்கும் ஐயாவைப் பார்க்கத்தான் என்றாலும், உடுப்பு மாற்றும் நேரத்தில் அதைத் திருப்பி வைக்க ஒரு வழி செய்யுங்கள்.

பக்கத்து வளவு. இதில் எனக்குக் கோபம்தான் வரும். நம் ஊரில் கிணற்றடி வெளியில்தான் இருக்கிறது, பெண்கள் அங்கேதான் குளிக்கிறார்கள். கிடுகு வேலியும் பனையோலை வேலியும் அதற்காகத்தான் இருந்தன. இப்போது வேலி இருந்தென்ன, மேல்மாடியில் பூட்டிய கமரா மேலிருந்து பார்க்கிறது. ஒருவர் என்னிடம் சட்டம் கதைத்தார். தனிப்பட்ட தரவுகளைப் பாதுகாக்கும் 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டம் வீட்டுத் தேவைக்கு விலக்குத் தருகிறது என்றார். விலக்கு இருப்பது உண்மைதான். இங்கிலாந்திலும் அப்படி வீட்டு விலக்கு உண்டு. ஆனாலும் 2021இல் ஒக்ஸ்போர்ட் நீதிமன்றம், அயலவரின் வளவையும் பேச்சையும் பிடித்த ஒருவரின் கமராக்கள் தரவுச் சட்டத்தை மீறியதாகவே தீர்ப்பளித்தது. சட்டம் இருக்கட்டும், அடுத்த வீட்டு அக்கா தன் கிணற்றடியில் பயமில்லாமல் குளிக்க வேண்டாமா? கமராவில் அந்தப் பகுதியைக் கறுப்பாக மறைக்கும் வசதி பெரும்பாலும் எல்லா டிவிஆரிலும் இருக்கிறது. இரண்டு நிமிட வேலை. அதுவும் வேண்டாம் என்று சொன்ன இரண்டு பேருக்கு நான் பூட்டவில்லை.

வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகளே, நீங்கள் அங்கிருந்தே செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை அம்மாவோடு கதைக்கும் முன் அந்த அப்பைத் திறந்து, நேரடிப் படத்தைப் பார்க்காமல், முந்தநாள் இரவு இரண்டு மணிக்குப் போய்ப் பாருங்கள். படம் வந்தால் நல்லது. அப்படியே எட்டு நாள் பின்னுக்கும் போய்ப் பாருங்கள். மூலையில் இருக்கும் திகதியையும் நேரத்தையும் அம்மாவிடம் கேட்டு ஒப்பிடுங்கள். இரவு இரண்டு மணி வரவில்லை என்றால் உடனே யாரையாவது அனுப்புங்கள். கமராவுக்குள்ளேயே மெமரி காட் போட்ட வைஃபை வகை என்றால், கமராவைக் கழற்றிக்கொண்டு போகிறவன் பதிவையும் சேர்த்துத்தான் கொண்டு போவான் என்பதையும் மனதில் வையுங்கள்.

கொண்டாவில் அம்மாவுக்குப் புது டிஸ்க் போட்டு, பெட்டியை ரீவிக்குக் கீழிருந்து எடுத்துக் காற்றோட்டமான அலுமாரிக்குள் வைத்துப் பூட்டினேன். வேலை முடிந்து வெளிக்கிடும்போது கேட்டார்: "இப்ப அண்டைக்கு வந்தவங்கள் தெரிவாங்களோ தம்பி?" இல்லை அம்மா என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. கத்தும் சத்தத்தைத் திரும்பப் போட்டு, ஒருமுறை கத்தவைத்து அவருக்குக் கேட்கக் காட்டினேன். அலுமாரிக் கதவில் பெரிய எழுத்தில் எழுதி ஒட்டிவிட்டு வந்தேன்: "இது கத்தினால் நிப்பாட்ட வேண்டாம். எனக்கு எடுங்கள்." கீழே என் நம்பர்.