கேபிள் அறுந்துவிட்டால் மண்ணைப் போட்டு மூடாதீர்கள்

சாலையோரம் தோண்டும்போது ஜேசிபி வாளியில் ஃபைபர் கேபிள் சிக்கி அறுந்துவிட்டால், ஓட்டுநர்கள் பெரும்பாலும் செய்வது ஒன்றுதான். முனைகளைக் குழிக்குள் தள்ளி, இரண்டு வாளி மண்ணைப் போட்டுவிட்டு வண்டியை நகர்த்திவிடுவார்கள். நட்டத்தைத் தன் தலையில் கட்டிவிடுவார்களோ என்ற பயம். அதில் நியாயமும் இருக்கிறது. ஆனால் அந்த இரண்டு வாளி மண்ணால், மாலைக்குள் முடிய வேண்டிய பழுதுபார்க்கும் வேலை நள்ளிரவைத் தாண்டிவிடுகிறது.

எப்படி என்று கேட்பவர்களுக்காகச் சொல்கிறேன். கேபிள் பழுது பார்க்கும் நாங்கள், அறுந்த இடத்தைத் தேட ஓடிடிஆர் என்ற கருவியைப் பயன்படுத்துகிறோம். கேபிளுக்குள் இருக்கும் கண்ணாடி இழையில் ஒளித்துடிப்பை அனுப்பி, சிதறித் திரும்பும் ஒளியை வைத்து, இத்தனையாவது மீட்டரில் அறுந்திருக்கிறது என்று அது காட்டும். 4,310 மீட்டர் என்று காட்டுவதாக வைத்துக்கொள்வோம். சாலையில் அதே தூரத்தை அளந்துபோய்த் தோண்டினால், அங்கே கேபிள் நலமாக இருக்கும். கருவி அளப்பது சாலையை அல்ல, கண்ணாடி இழையை. கேபிளுக்குள் இழை நேராக ஓடுவதில்லை; லேசாக முறுக்கிக்கொண்டே போகிறது. போதாததற்கு, பின்னால் பழுது பார்க்க உதவுமென்று கேபிள் துண்டுகளை இணைக்கும் நிலத்தடித் தொட்டியான ஒவ்வொரு ஜாயின்ட் சேம்பரிலும் பல மீட்டர் கேபிளைச் சுருட்டி லூப்பாக வைத்திருப்போம். நாலைந்து கிலோமீட்டருக்குள் நூறு மீட்டர் வித்தியாசம் சாதாரணமாக வந்துவிடும். எந்தச் சேம்பரில் எத்தனை மீட்டர் லூப் என்று எழுதி வைத்திருந்தால் கழித்துக்கொள்ளலாம். பெரும்பாலான இடங்களில் கையில் இருப்பது வேலை தொடங்கும் முன் வரைந்த படம்தான். கேபிள் உண்மையில் போன வழியைக் காட்டும் படம் இருக்காது. வழியில் பாறை வந்ததும், கோயில் சுவருக்காக எதிர்ப்பக்கம் மாறியதும் போட்டவர்களுக்கு மட்டுமே தெரியும்; அவர்கள் இன்று எந்த மாவட்டத்தில் இருக்கிறார்களோ!

இடம் தெரிந்த பிறகும் வேலை சுலபமில்லை. ஜேசிபி கேபிளை வெட்டுவதில்லை, இழுக்கிறது. அதனால் வாளி பட்ட இடத்தில் மட்டுமல்லாமல், இருபுறமும் பல மீட்டருக்கு உள்ளே இழைகள் ஆங்காங்கே முறிந்திருக்கும். கெட்ட பகுதியை முழுதாக நீக்கி, புதுத் துண்டு வைத்து, இரண்டு முனையிலும் ஜாயின்ட் போட வேண்டும். 24 இழைக் கேபிள் என்றால் 48 ஒட்டுகள். ஒவ்வோர் இழையையும் உரித்து, ஆல்கஹாலில் துடைத்து, முனையைச் செங்குத்தாக வெட்டி, இயந்திரத்தில் உருக்கி ஒட்ட வேண்டும். ஒளி ஓடும் மையப்பகுதி ஏறத்தாழ 9 மைக்ரான்தான். தலைமுடி அதைவிடப் பல மடங்கு தடிமன். திரையில் ஒட்டின் ஒளி இழப்பு 0.02 டெசிபெல் என்று வந்தால் நிம்மதி, 0.1-ஐத் தாண்டினால் வெட்டிவிட்டு மறுபடியும். குழிக்குள் ஊற்றுநீர், மேலே தார்ப்பாய், பக்கத்தில் லாரி கிளப்பும் புழுதி. உடைந்த இழைத்துண்டுகளை ஒட்டுநாடாவில் ஒற்றியெடுத்து ஒரு மூடிய டப்பாவில் போடுவோம். தோலுக்குள் ஏறினால் கண்ணுக்கே தெரியாது. இழை ஒட்டும் மேசைப் பக்கம் டீயோ வடையோ கொண்டு வரக் கூடாது என்பதில் நான் கண்டிப்பானவன்.

இத்தனை தொல்லைக்கும் ஜேசிபி மட்டும் காரணமில்லை. போட்டவர்கள் பங்கும் உண்டு. கிராமங்களுக்கு இணையம் கொண்டுபோகும் பாரத்நெட் போன்ற திட்டங்களில், புதைக்கும் கேபிளுக்கு 1.65 மீட்டர் ஆழம் என்பதுதான் வழக்கமான கணக்கு. பாறை வந்தால் ஆழத்தைக் குறைத்து, மேலே கான்கிரீட் போட வேண்டும். நடைமுறையில் முழங்கால் ஆழத்திலேயே டக்ட், அதாவது கேபிள் ஓடும் குழாய், கிடப்பதைப் பார்க்கிறோம். மேலே எச்சரிக்கை நாடாவும் இருக்காது. வழி காட்ட நட்ட கல், யார் வீட்டிலாவது துணி துவைக்கப் பயன்படும். சாலை விரிவாக்கமோ குடிநீர்க் குழாயோ வந்தால் முதல் அடி அங்கேதான் விழும்.

திட்டமிடுவோர் செய்யும் இன்னொரு காரியத்தைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஒரு வழி அறுந்தால் மறுவழியில் ஓடட்டும் என்று வளையமாகப் போடுவது நல்ல ஏற்பாடு. வரைபடத்தில் இரண்டு கோடுகள் அழகாகப் பிரிந்துதான் போகும். நேரில் போய்ப் பார்த்தால், ஆற்றுப் பாலத்தில் இரண்டும் ஒரே இரும்புக் குழாய்க்குள் நுழைந்திருக்கும். வங்கிகளும் மருத்துவமனைகளும் இரண்டு நிறுவனங்களிடம் இரண்டு இணைப்பு வாங்கிவிட்டு நிம்மதியாக இருக்கின்றன. அந்த இரண்டும் எந்தப் பாலத்தைக் கடக்கின்றன என்று பணம் கட்டும் முன் கேளுங்கள். எழுத்தில் பதில் வாங்குங்கள்.

தோண்டுபவர்களுக்கு இப்போது ஒரு வழி இருக்கிறது. 2023 மார்ச் 22 அன்று மத்திய அரசு 'கால் பிஃபோர் யூ டிக்' என்ற செயலியை அறிமுகப்படுத்தியது. முறையின்றித் தோண்டுவதால் ஆண்டுக்குச் சுமார் 3,000 கோடி ரூபாய் இழப்பு என்று அரசே அப்போது சொன்னது. எங்கே, எப்போது தோண்டப் போகிறோம் என்று பதிவு செய்தால், அங்கே கேபிளோ குழாயோ வைத்திருப்பவர்களுக்குத் தகவல் போகும். செயலியில் எல்லாக் கேபிளும் இருக்கும் என்று நம்பிவிட வேண்டாம். நான் மேலே சொன்ன படங்களின் லட்சணம்தான் அதற்குள்ளும் போகும். ஆகவே, வழிகாட்டிக் கல்லோ சேம்பர் மூடியோ கண்ணில் பட்டால், முதலில் கடப்பாரையால் சிறு குழி தோண்டிப் பாருங்கள். பிறகு வாளியை இறக்குங்கள். ஊராட்சித் தலைவர்களும் வார்டு உறுப்பினர்களும், புதுக் கேபிள் வரும்போது பள்ளத்தை மூடுவதற்கு முன் அளவு நாடாவை உள்ளே விட்டுப் படமெடுத்துக்கொள்ளலாம். ஆழம் குறைந்த வேலையைத் தடுக்க அந்தப் படம் போதும்.

அறுந்தே போய்விட்டதா? முனைகளை வெட்டிச் சீராக்க வேண்டாம், உள்ளே தள்ளவும் வேண்டாம். முனைக்குள் கண் வைத்துப் பார்க்காதீர்கள். உள்ளே ஓடும் ஒளி அகச்சிவப்பு, பார்வைக்குத் தெரியாமலே கண்ணைக் கெடுக்கக்கூடியது. குழந்தைகளை விலக்கி, நாலு குச்சி நட்டுக் கயிறு கட்டுங்கள். வழிகாட்டிக் கல்லிலோ சேம்பர் மூடியிலோ நிறுவனத்தின் பெயரோ எண்ணோ இருந்தால் அழையுங்கள். கேபிளின் மேலுறையில் மீட்டருக்கு மீட்டர் ஓர் எண் அச்சடிக்கப்பட்டிருக்கும். சேற்றைத் துடைத்துவிட்டு இரண்டு முனையிலும் அந்த எண் தெரியும்படி படமெடுத்து அனுப்பினால், எத்தனை மீட்டர் புதுக் கேபிள் ஏற்றிக்கொண்டு கிளம்ப வேண்டும் என்பது எங்களுக்கு அலுவலகத்திலேயே ஓரளவு தெரிந்துவிடும்.