பதினேழு வயதில் அடித்த அபாய மணி

இங்கிலாந்தின் ஸ்டாஃபோர்ட்ஷயரில் ஒரு வெள்ளைச் சிலை நிற்கிறது. கண்ணைத் துணியால் கட்டி, கைகளைப் பின்னால் பிணைத்து, கம்பத்தோடு சேர்த்து நிறுத்தப்பட்ட ஒரு பையன். ஹெர்பர்ட் பர்டன் என்ற சிப்பாயை மாதிரியாக வைத்துச் செய்தது. முதல் உலகப் போரின்போது 16 வயதில், 18 என்று பொய் சொல்லிப் பட்டாளத்தில் சேர்ந்தவன். 1915 ஜூலையில், பெல்ஜியத்தில், படையை விட்டு ஓடிவிட்டான் என்று அவன் சேர்ந்த ராணுவமே அவனைச் சுட்டது. அப்போது வயது 17.

அவன் மனதில் என்ன ஓடியது என்று இன்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் அந்த வயது மூளை போர்க்களத்தில் என்ன பாடுபடும் என்று சொல்லலாம்.

மூளையின் ஆழத்தில் பாதாம்பருப்பு அளவில் இருக்கிறது அமிக்டலா. அதுதான் அபாய மணி. குண்டுச் சத்தம் கேட்டதும், 'என்ன அது' என்று நாம் யோசிப்பதற்குள் அட்ரினலின் சுரந்து நெஞ்சு அடித்துக்கொள்ளும், கால்கள் ஓடத் துடிக்கும். 'சரி, ஒன்றுமில்லை' என்று அதை அடக்குவது நெற்றிக்குப் பின்னால் இருக்கும் பகுதி. அது முழுசாக முதிர ஏறக்குறைய இருபத்தைந்து வயதாகும். பதினேழில் மணி உண்டு, நிறுத்தும் கை இன்னும் முழுசாக வளரவில்லை.

பயம் ஒருமுறை பதிந்தால் அழிவதில்லை. 'இப்போது ஆபத்தில்லை' என்ற புதுப் பாடம் அதன்மேல் படிய வேண்டும். பதின்வயதில் அது லேசில் படியாது. போதாக்குறைக்கு, அந்த வயதில்தான் மூளை அடிக்கடி பயன்படும் இணைப்புகளை வைத்துக்கொண்டு மற்றதைக் கழித்துக்கட்டுகிறது. நட்பும் காதலும் கைத்தொழிலும் பழக வேண்டிய வருஷங்களில், சீறி வரும் குண்டு எங்கே விழும் என்று காதால் கணக்குப் போடப் பழகினால்? ஊர் திரும்பிய பிறகும், காற்றில் கதவு படாரென்று சாத்தினால் உடம்பு தரையோடு ஒட்டிக்கொள்ளும். எனக்குப் பெரிய திருட்டாகப் படுவது இதுதான்.

போர்முனைச் சிப்பாய்களுக்கு வந்த இந்த நடுக்கத்தைப் பற்றி, 1915இல் சார்லஸ் மையர்ஸ் என்ற மருத்துவர் 'ஷெல் ஷாக்' (குண்டு அதிர்ச்சி) என்று எழுதினார். வெடி அதிர்ச்சி நரம்பைத் தாக்கியதாக முதலில் நினைத்தார்கள். வெடிக்குப் பக்கத்திலேயே போகாதவர்களுக்கும் அதே நடுக்கம் வந்தது. பேரதிர்ச்சி விட்டுச்செல்லும் இந்தப் பாதிப்பு, அமெரிக்க மனநலக் கையேட்டில் பி.டி.எஸ்.டி என்ற தனி நோயாக ஏறியது 1980இல்தான்.

பர்டனுக்கு மன்னிப்புக் கிடைத்தது 2006இல். சிலைக்குப் பின்னால் முந்நூறுக்கும் மேற்பட்ட மரக்கம்பங்கள் நிற்கின்றன, அவனைப் போலவே சுடப்பட்டவர்களுக்காக. ஒவ்வொன்றிலும் ஒரு பெயர்.