ட்ஸோல்ஃபெரைன்: சுங்க ஒன்றியமா, சுங்கச் சங்கமா?

ஐரோப்பா வரலாறு படிச்ச எல்லாரும் ஜெர்மனி பாடத்துல இந்த வார்த்தைய ஒரு தடவையாவது பாத்திருப்போம், 1834ல ஜெர்மன் அரசுகள் சேந்து வச்சுக்கிட்ட பொதுச் சுங்க ஏற்பாட்டோட பேர் இது. சோல்வெரின்னு ஒருத்தர் எழுதுவார், ஜோல்வரைன்னு இன்னொருத்தர் எழுதுவார், நாமளும் ரெண்டு மார்க்குக்கு ஆண்டை மட்டும் மனப்பாடம் பண்ணிட்டு ஜெர்மனிய ஒண்ணா சேத்த ப்ரஷ்யத் தலைவர் பிஸ்மார்க்குக்கு நேராத் தாவிருவோம். ஆனா ஜெர்மனிங்கற நாடு எப்படி உருவாச்சுங்கற கதையில பாதி இந்த ஒரு வார்த்தைக்குள்ள இருக்கு, அதனால இதை நிதானமா பிரிச்சுப் பாக்கலாம்.

முதல்ல உச்சரிப்பு. ஜெர்மன்ல இசட் எழுத்துக்கு 'ட்ஸ்'னு ஒலி, வி எழுத்துக்குப் பெரும்பாலும் 'ஃப'. அதனால ட்ஸோல்-ஃபெர்-ஐன், சேத்துச் சொன்னா ட்ஸோல்ஃபெரைன். நாக்கு சுளுக்கும்தான், ரெண்டு தடவை சொல்லிப் பாத்தா பழகிரும்.

'ட்ஸோல்'னா சுங்கம். கிரேக்கத்துல வரி வாங்கற இடத்துக்கு 'டெலோனியோன்'னு பேர், அது லத்தீன் வழியா ஜெர்மன் மொழிகளுக்குள்ள வந்து ஜெர்மன்ல ட்ஸோல் ஆச்சு, இங்கிலீஷ்ல டோல் ஆச்சு. ஆமா, நம்ம ஊர் ஹைவேல கார நிறுத்தி காசு வாங்கறாங்களே அதே டோல்தான். இதுல கவனிக்க வேண்டியது என்னன்னா இங்கிலீஷ்ல ரோட்டுல வாங்கினா டோல், எல்லையில வாங்கினா கஸ்டம்ஸ், ரெண்டும் வேற வேற வார்த்தை. பழைய ஜெர்மன்ல ரெண்டுக்கும் ட்ஸோல் ஒண்ணுதான் (இப்ப லாரிக்கு ரோட்டு வரி வாங்கறதுக்கு மௌட்னு தனியா சொல்றாங்க). தமிழ்லயும் அப்படியே, சுங்கச்சாவடி, சுங்கத்துறை ரெண்டுக்கும் நமக்கு சுங்கம்தான். அதனால இந்த இடத்துல இங்கிலீஷ விட தமிழ் கனகச்சிதமா பொருந்துது, இங்கிலீஷ் வழியா போய் அந்தப் பொருத்தத்த தொலைச்சுட்டு வரவேண்டியதில்ல.

சுங்கம் வடமொழி 'சுல்க'த்தோட தொடர்புள்ள சொல்னு சொல்வாங்க. அதுக்கும் முந்தி நம்ம இலக்கியத்துல புழங்கினது 'உல்கு'. "உறுபொருளும் உல்கு பொருளும்தன் ஒன்னார்த் தெறுபொருளும் வேந்தன் பொருள்"னு குறள் சொல்லுது, பட்டினப்பாலைல காவிரிப்பூம்பட்டினத்துத் துறையில உல்கு வாங்கி மூட்டை மேல புலிச் சின்னம் பொறிக்கற காட்சி வருது. முதலாம் குலோத்துங்கனுக்கு 'சுங்கம் தவிர்த்த சோழன்'னே பட்டப்பேர் இருக்கு, கோயம்புத்தூர்ல சுங்கம்னு ஒரு ஏரியாவே இருக்கு. உல்கு அழகான சொல்தான், ஆனா 'உல்கு ஒன்றியம்'னு எழுதினா படிக்கறவங்க அகராதிய எடுக்கணும், சுங்கம்னா சின்னப் பையனுக்கும் புரியும். அதனால என் ஓட்டு சுங்கத்துக்குதான்.

இப்ப ரெண்டாவது பாதி, 'ஃபெரைன்'. இங்கதான் சுவாரசியம். 'ஐன்'னா ஒன்று. அதுலருந்து வந்ததுதான் ஃபெரைனென், ஒன்றாக்குறது, அதுலருந்து ஃபெரைன். ஃபுட்பால் பாக்கறவங்களுக்கு விஎஃப்பி ஸ்டுட்கார்ட் டீம் தெரிஞ்சிருக்கும், அதுல முதல்ல வர்ற வி இந்த ஃபெரைன்தான். அதாவது அன்றாட ஜெர்மன்ல ஃபெரைன்னா கிளப், சங்கம், மன்றம். பாட்டு சங்கம், உடற்பயிற்சி சங்கம், துப்பாக்கி சுடற சங்கம்னு 19ஆம் நூற்றாண்டுல ஊர் ஊருக்கு முளைச்சுது. 1819ல ஜெர்மன் அரசுகள் கார்ல்ஸ்பாட் ஆணைகள்னு கொண்டு வந்து பத்திரிகைக்கு சென்சார், மாணவர் அமைப்புகளுக்குத் தடைன்னு போட்டு இறுக்கிட்டாங்க, வெளிப்படையா அரசியல் பேச வழியில்ல, அப்ப ஜெர்மன்ங்கற உணர்வு பாட்டு சங்கத்துலயும் ஜிம்லயும்தான் வளர்ந்துது.

அப்ப தமிழ்ல சுங்கச் சங்கம்னு சொல்லலாமேன்னு தோணும். சொன்னா டோல்கேட் ஊழியர்கள் ஊதிய உயர்வு கேட்டு வச்சிருக்கற யூனியன் மாதிரி இருக்கும். கூட்டமைப்புன்னு போடலாம், ஆனா அதே காலத்துல 'புண்ட்'னு இன்னொரு அமைப்பு இருந்துச்சு, நெப்போலியன் போர்களுக்கு முடிவு கட்டின 1815 வியன்னா மாநாட்டுல உருவானது, 39 அரசுகள் சேந்தது, ஆஸ்திரியா தலைமையில ஃப்ராங்ஃபர்ட்ல கூடும். கூட்டமைப்புங்கற சொல்ல அதுக்கு வச்சுக்கிட்டாதான் குழப்பம் வராது, ஏன்னா ஜெர்மானிய கூட்டமைப்பும் இதுவும் வேற வேற, சொல்லப்போனா ஒண்ணுக்கொண்ணு போட்டி. மிச்சம் இருக்கறது ஒன்றியம். ஐன்லருந்து ஃபெரைன் வந்த மாதிரியே ஒன்றுலருந்து ஒன்றியம் வந்துருக்கு, வேரும் அதே, வளர்ந்த விதமும் அதே. ஊராட்சி ஒன்றியம்னு நமக்கு ரொம்ப நாளாப் பழகின சொல், 2021ல ஒன்றிய அரசு சர்ச்சையில இன்னும் பிரபலமாயிருச்சு. ஆக சுங்க ஒன்றியம்.

சரி, எதுக்கு இப்படி ஒண்ணு தேவைப்பட்டுச்சு? 1815க்கு அப்புறம் ஜெர்மனிங்கறது ஒரு மொழி பேசற பகுதி, நாடு கிடையாது. 39 அரசு, பெரும்பாலும் ஆளுக்கொரு ராஜா, ஆளுக்கொரு சுங்கச்சாவடி. வடக்குல பெரிய அரசான ப்ரஷ்யாவுக்குள்ளயே மாகாணத்துக்கு மாகாணம் வேற வேற சுங்கப் பட்டியல், அறுபதுக்கும் மேல இருந்துச்சு. அதுலயும் வியன்னா மாநாட்டுல ப்ரஷ்யாவுக்கு மேற்கே ரைன்லாண்டும் வெஸ்ட்ஃபாலியாவும் கெடச்சுது, அது கிழக்கே இருந்த மத்த ப்ரஷ்யப் பகுதியோட ஒட்டாம நடுவுல ஹனோவரும் ஹெஸ்ஸ காஸலும் குறுக்க நிக்குது. சொந்த வீட்டுல ஹாலுக்கும் கிச்சனுக்கும் நடுவுல பக்கத்து வீட்டுக்காரன் குடியிருந்தா எப்படி இருக்கும், அந்த நிலைமை. (அப்ப யாரும் பெருசா மதிக்காத அந்த மேற்குத் துண்டுலதான் ரூர் நிலக்கரி இருந்துச்சுங்கறது தனிக் கதை.)

அதனால 1818ல ப்ரஷ்யா ஒரு சட்டம் போட்டு உள்நாட்டுச் சுங்கத்த எல்லாம் தூக்கிட்டு வெளி எல்லையில மட்டும் வரின்னு ஆக்குச்சு. இறக்குமதி வரி குறைவு, ஆனா தன் நிலத்தக் கடந்து போற சரக்குக்கு போட்டாங்க பாருங்க ஒரு வரி, குட்டி அரசுகளுக்கு மூச்சு முட்டிருச்சு. ப்ரஷ்யாவுக்கு நடுவுல தீவு மாதிரி இருந்த அன்ஹால்ட் கோத்தன் கொஞ்ச காலம் வீம்பு புடிச்சு கடத்தல் சரக்குக்குக் கூடாரமாவே இருந்து பாத்துச்சு, 1828ல வழிக்கு வந்துருச்சு.

மறுபக்கம் வியாபாரிங்க. ராய்ட்லிங்கன் ஊர்க்காரர் ஃப்ரீட்ரிஷ் லிஸ்ட்னு ஒரு பேராசிரியர், 1819ல வணிகர்களையும் தொழில் நடத்தறவங்களையும் சேத்து ஒரு ஃபெரைன் ஆரம்பிச்சு, ஃப்ராங்ஃபர்ட் அவைக்கு மனு குடுத்தார். ஹாம்பர்க்லருந்து ஆஸ்திரியாவுக்கோ பெர்லின்லருந்து ஸ்விட்சர்லாந்துக்கோ சரக்கு போகணும்னா பத்து அரசத் தாண்டணும், பத்து சட்டம் படிக்கணும், பத்து தடவ வரி கட்டணும்னு அதுல புலம்பியிருக்கார். மனு எடுபடல. அப்புறம் வேற அரசியல் விமர்சனத்துக்காக அவரை சிறையில போட்டு, 1825ல அமெரிக்காவுக்கே அனுப்பிட்டாங்க. திரும்பி வந்து லைப்ஸிக்ல ரயிலுக்காக மல்லுக்கட்டுனார், 1846ல தற்கொலை பண்ணிக்கிட்டார். ஒன்றியத்தோட தந்தைன்னு இவரை சொல்றது வழக்கம், எனக்கு அது பாதிதான் சரின்னு படுது, ஏன்னா 1834ல வந்த ஒன்றியம் வியாபாரிகள் போராடி வாங்கினது இல்ல, ப்ரஷ்ய நிதி அதிகாரிகள் கணக்குப் போட்டு ஒவ்வொரு அரசா பேசி வலையில விழ வச்சது. நிதியமைச்சர் மோட்ஸ்தான் அந்த மூளை, ஆனா அவர் 1830லயே இறந்துட்டார், பலனப் பாக்கல.

ஆஸ்திரியா பின்னாடி நிக்க, சாக்ஸனி, ஹனோவர் எல்லாம் சேந்து 1828ல போட்டிக்கு ஒரு சங்கம் வச்சுப் பாத்தாங்க, பவேரியாவும் வ்யூர்ட்டம்பர்க்கும் தெற்க தனியா ஒண்ணு வச்சாங்க, எதுவும் நிக்கல. 1831ல ஹெஸ்ஸ காஸல் ப்ரஷ்யா பக்கம் வந்ததும் ரெண்டு துண்டும் ஒட்டிக்கிச்சு, 1833ல ஒப்பந்தம், 1834 ஜனவரி 1ஆம் தேதி அமல். 18 அரசு, 2 கோடியே 30 லட்சம் பேருக்கு மேல. புத்தாண்டு நடுராத்திரி தடுப்புக் கட்டைய தூக்கறதுக்காக வண்டிங்க வரிசையா காத்து நின்னு, ஆரவாரத்தோட கிளம்புச்சுன்னு சொல்வாங்க.

குட்டி ராஜாக்கள் ஏன் ஒத்துக்கிட்டாங்கன்னு கேட்டா, தேசப்பற்றுனு நெனச்சா ஏமாந்துருவீங்க. காசு. வசூலான சுங்கத்த மக்கள்தொகைப்படி பிரிச்சாங்க, அதுல ப்ரஷ்யாவுக்கு நஷ்டம்தான், தெற்கத்திய அரசுகளுக்கு லாபம். அதோட சொந்த சட்டமன்றத்துக்கிட்ட கை ஏந்தாம ராஜா கஜானாவுக்கு வருமானம் வந்து விழுது, எந்த மன்னருக்குத்தான் கசக்கும். முடிவெடுக்க எல்லா அரசும் ஒத்துக்கணும், ஒருத்தர் வேண்டாம்னாலும் நடக்காதுங்கற பாதுகாப்பும் இருந்துச்சு.

ரயிலும் அப்பத்தான் வருது. 1835 டிசம்பர்ல ந்யூரன்பர்க்லருந்து ஃப்யூர்த்துக்கு ஆறு கிலோமீட்டர்தான், இன்ஜின் கூட இங்கிலாந்துல செஞ்சு வந்தது. 1841லயே பெர்லின்ல போர்ஸிக் சொந்தமா இன்ஜின் செஞ்சுட்டார், 1850ல ஆறாயிரம் கிலோமீட்டர் கிட்ட தண்டவாளம், எஸ்ஸன்ல க்ரூப் 1850கள்ல ரயில் சக்கரத்துக்கு எஃகு வளையம் செஞ்சார், பீரங்கியும் செஞ்சார். எல்லாருக்கும் இது நல்ல காலமா இல்ல, 1844ல சைலீஷியாவுல மெஷின் துணியோட போட்டி போட முடியாத நெசவாளிங்க கலகம் பண்ணாங்க, ராணுவம் சுட்டுச்சு.

பிற்காலத்துல ஜெர்மன் தேசிய கீதமான பாட்ட எழுதின ஹோஃப்மன் ஃபன் ஃபாலர்ஸ்லேபன், 1840ல இந்த ஒன்றியத்தப் பத்தி ஒரு நையாண்டிக் கவிதை எழுதினார். தீக்குச்சி, சோம்பு, மாடு, பாலாடைக்கட்டி, காகிதம், கத்தரிக்கோல், பூட்ஸ்னு மளிகை லிஸ்ட் மாதிரி அடுக்கிட்டு, உங்களுக்குத்தான் நன்றி, எந்த மேதையாலயும் முடியாதத, ஜெர்மன் மனசுகளக் கட்டிப் போடறத, நீங்க பண்ணிட்டீங்கங்கற அர்த்தத்துல முடிக்கறார். எனக்கு ரொம்பப் புடிச்ச கிண்டல், ஆனா அந்த மனுஷன் அதுல பாதிய சீரியஸாத்தான் சொல்றார்னு தோணும்.

இங்கதான் நம்ம பாடப்புத்தக மூளை ஒரு தப்பு பண்ணும்: சுங்க ஒன்றியம், அம்புக்குறி, ஜெர்மன் ஒருங்கிணைப்பு, முடிஞ்சது. ஒன்றியம்ங்கற வார்த்தையே அப்படி நினைக்க வைக்கும். ஆனா 1866ல ப்ரஷ்யாவும் ஆஸ்திரியாவும் மோதினப்ப பவேரியா, சாக்ஸனி, ஹனோவர், வ்யூர்ட்டம்பர்க், பாடன் எல்லாம் யார் பக்கம் நின்னாங்க? ஆஸ்திரியா பக்கம். பெரும்பாலும் முப்பது வருஷமா ஒரே சுங்கப் பெட்டியில பங்கு வாங்கினவங்க ப்ரஷ்யாவ எதிர்த்துத் துப்பாக்கி தூக்குனாங்க. அதுக்கப்புறம் 1868ல மக்கள் ஓட்டுப் போட்டு ஒரு சுங்கப் பேரவை அமைஞ்சுது, ட்ஸோல்பார்லமென்ட்னு பேர், இதுவே நாடாளுமன்றமா வளரும்னு பிஸ்மார்க் கணக்குப் போட்டார். தெற்குல பெரும்பாலும் ஜெயிச்சு வந்தது ப்ரஷ்யாவப் புடிக்காத ஆளுங்க. கடைசில 1870 ஃப்ரான்ஸ் போர்தான் தெற்கக் கொண்டு வந்து சேத்துச்சு, 1871 ஜனவரில வெர்சாய்ல பேரரசுன்னு அறிவிச்சாங்க.

அதுக்காக சுங்கத்துக்குப் பங்கே இல்லன்னு சொல்ல வரல. ஆஸ்திரியாவ வெளிய வச்சதுல அதோட வேலை பெருசு: ப்ரஷ்யா 1862ல ஃப்ரான்ஸோட வரிக் குறைப்பு ஒப்பந்தம் போட்டுச்சு, தன் ஆலைகள வரி போட்டுக் காப்பாத்திக்கிட்டிருந்த ஆஸ்திரியாவால அந்தக் குறைஞ்ச வரிக்குள்ள வரவே முடியல. தெற்கு அரசுகளுக்கு மனசு வியன்னாவுல, பை பெர்லின்ல. 1865ல ஒப்பந்தத்த புதுப்பிக்கறப்ப முனகிக்கிட்டே கையெழுத்துப் போட்டாங்க.

அதனால தமிழ்ல எழுதறப்ப 1834த்த சுங்க ஒன்றியம்னு எழுதுங்க, 1871அ ஒருங்கிணைப்புன்னு எழுதுங்க, ரெண்டையும் 'ஒன்றிணைப்பு'ன்னு ஒரே மூட்டையில கட்டாதீங்க. இன்னொண்ணும் இருக்கு, ஹாம்பர்க்கும் ப்ரேமனும் பேரரசுக்குள்ள 1871லயே வந்துட்டாலும் சுங்க எல்லைக்குள்ள வந்தது 1888லதான். ஹாம்பர்க் அப்பவும் துறைமுகத்துல ஒரு பகுதிய சுங்கமில்லாம வச்சுக்கிச்சு, அதுக்காகப் பல ஆயிரம் பேர் வீட்ட இடிச்சுட்டு செங்கல் கிடங்குகளா வரிசையாக் கட்டுனாங்க. அந்த சுங்கமில்லாத் துறைமுகத்த மூடினது 2013ல. கிடங்குங்க இன்னும் நிக்குது, டூரிஸ்ட் போய் போட்டோ எடுத்துட்டு வர்றாங்க.